கீழ்வீட்டுக் கிண்ணம், மாடிவீட்டுப் பழம்

இளையவள் படியிறங்கி வந்தபோது கூடத்தில் இருந்தவர்கள் பேச்சை நிறுத்தி, கால்களை இழுத்துக்கொண்டு வழி விட்டார்கள். விட்ட விதத்திலேயே தெரிந்தது, எல்லோரும் இதற்காகத்தான் காத்திருந்தார்கள் என்று. ஒரே வீட்டின் மாடியில் இருந்துகொண்டு வருஷக்கணக்காக அக்காவோடு ஒரு வார்த்தை பேசாதவள், செத்த பிறகாவது வாய் விட்டு அழுவாளா மாட்டாளா என்பதைப் பார்க்காமல் எழுந்து போக யாருக்கும் மனம் வரவில்லை. சாவு வீட்டுக்கு வருகிறவர்கள் துக்கத்தோடு கொஞ்சம் வேடிக்கையையும் எதிர்பார்த்துத்தான் வருகிறார்கள். அவர்களைச் சொல்லியும் குற்றமில்லை.

அவள் அழவில்லை. மூத்தவளின் தலைமாட்டில் உட்கார்ந்து, போர்வைக்கு வெளியே கிடந்த கையைப் பார்த்தாள். நகக்கண்களில் மாவு காய்ந்து ஒட்டியிருந்தது. தன் கையைப் பார்த்தாள். அது பழச்சாற்றில் ஊதா நிறமாக இருந்தது. கீழே சத்தம் கேட்டதும் அடுப்பை அணைத்தவளுக்கு, ஆட்கள் கூடும் வரை இறங்கி வரத் துணிவில்லை; கையைக் கழுவவும் தோன்றவில்லை. இரண்டு கைகளையும் மடிக்குள் மறைத்துக்கொண்டாள்.

மறைக்க வேண்டியது அது மட்டுமில்லை. அன்று காலையில் அவள் சொல்லி அனுப்பிய ஒரு பேச்சு இருந்தது. அது இந்தக் கூடத்தில் யாருக்குத் தெரியும், யாருக்குத் தெரியாது என்று அவளுக்குத் தெரியவில்லை. தெரிந்த ஒருவர் எதிர்ச் சுவரோரம் நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். மூத்தவளின் கணவர், இவளுக்கு அத்தான். அவர் வாயைத் திறந்தால் போச்சு.

சின்னச் சின்னப் பழ டார்ட்டுகள் செய்து கடைகளுக்கும் விருந்துகளுக்கும் கொடுப்பது அக்கா தங்கை இருவரின் தொழில். உள்ளங்கையில் அடங்கும் அளவு. வெண்ணெய் சேர்த்த மாவைத் தகர அச்சுகளில் பரப்பி, விளிம்பை இரண்டு கைக் கட்டைவிரல்களாலும் மடிப்பு மடிப்பாகக் கிள்ளி, உள்ளே ஒன்றும் வைக்காமல் ஓவனில் சுட்டெடுப்பது மூத்தவள் வேலை. அதைக் கிண்ணம் என்பார்கள். பழத்தை நறுக்கி, வேகவைத்துக் கிளறி, கிண்ணங்களில் நிரப்பிப் பெட்டியில் அடுக்குவது இளையவள் வேலை. கீழ்வீட்டில் கிண்ணம், மாடியில் பழம். இப்படி வேலையைப் பிரித்துக்கொண்டதுதான் வினையாகப் போயிற்று.

ஒரு பிறந்தநாள் விருந்தில் பெட்டியைத் திறந்தபோது அத்தனையும் அடியில் ஊறி, எடுத்தால் கையோடு பிய்ந்து வந்தது. விருந்து வைத்த வீட்டம்மா இருவரையும் வைத்துக்கொண்டே காரணம் கேட்டாள். கிண்ணத்தில் ஒரு குறையும் இல்லை, பழம் தண்ணீராக இருந்தால் நான் என்ன செய்வது என்று மூத்தவள் சொன்னாள். அடி வேகாமல் எடுத்தால் எந்தப் பழத்தை வைத்தாலும் ஊறத்தான் செய்யும் என்று இளையவள் சொன்னாள். அத்தனை பேர் நடுவில் சொல்லிக்கொண்டதுதான் இருவருக்கும் ஆறவில்லை. தவறு யாருடையது என்று பின்னால் ஒரு பேக்கரி மாஸ்டரிடம் பஞ்சாயத்து வைத்தார்கள். அந்த அப்பாவி மனிதர், ரெண்டு பேர் மேலயும்தான் தப்பு என்று சிரித்துக்கொண்டே சொல்லிவிட்டு, ஒரே நாளில் இரண்டு வீட்டுச் சிநேகத்தையும் இழந்தார்.

அன்றோடு பேச்சு நின்றது. தொழிலும் நின்றிருக்க வேண்டியது. ஆளுக்கொரு பக்கம் தனியாகச் செய்து பார்த்தார்கள். மூத்தவள் கிளறிய பழம் அடிப்பிடித்தது. இளையவள் சுட்ட கிண்ணத்தைக் கடித்த ஒரு வாடிக்கையாளர் பல் மருத்துவரிடம் போக வேண்டியதாயிற்று. வேறு வழியில்லாமல் பழையபடி கீழே கிண்ணமும் மேலே பழமும் ஆயின. ஆனால் முகம் கொடுத்துப் பேசுவதில்லை. தட்டையும் சேதியையும் சுமந்துகொண்டு படியேறி இறங்குவது அத்தானின் வேலையாயிற்று.

அவர் ஒரு பெரிய அலுவலகக் கட்டடத்தில் லிஃப்ட் ஓட்டி ஓய்வு பெற்றவர். முன்பாவது பொத்தானை அழுத்தினால் போதும், இப்போது லிஃப்ட்டே அவர்தான் என்று தெருவில் கேலி செய்வார்கள். லிஃப்ட்டு என்றே அவருக்குப் பெயராகிவிட்டது. அவர் கோபித்துக்கொள்வதில்லை. இளையவள் குத்தலாக எதையாவது சொல்லி அனுப்பினால் தலையாட்டிக் கேட்டுக்கொண்டு இறங்கிப் போவார். திரும்பி வரும் பதில் பெரும்பாலும் ஒன்றுமே இருக்காது. சரின்னா என்பார். பாக்கலாம்னா என்பார். இவ்வளவு குத்தியும் உறைக்கவில்லையே, என்ன கல் நெஞ்சு என்று இளையவளுக்குப் பற்றிக்கொண்டு வரும்.

ஒரே ஒரு முறை மட்டும் வேறு மாதிரிச் சேதி வந்தது. இளையவளின் கணவர் இறந்த சமயம். மூத்தவள் மாடிக்கு வந்தாள், ஒரு மூலையில் உட்கார்ந்தாள், ஒரு வார்த்தை பேசாமல் எழுந்து போனாள். வந்தவர்கள் எல்லாம் கலைந்து, இளையவள் வெறும் தரையில் சுருண்டு கிடந்தபோது அத்தான் படியேறி வந்து நிலைப்படியில் நின்றார். "தனியா ஆயிட்டோம்னு நெனச்சுக்க வேணாம்னு சொல்லச் சொன்னா. நான் கீழதான இருக்கேன்னு சொன்னா."

அவ்வளவுதான். அதற்கும் இளையவள் பதில் சொல்லி அனுப்பவில்லை. ஆனால் அந்த வார்த்தையை வைத்துக்கொண்டுதான் பிறகு வந்த காலத்தை ஓட்டினாள். காலையில் கீழே ஓவன் கதவு திறந்து மூடும் சத்தம் கேட்கும்போதெல்லாம், இருக்கா என்று நினைத்துக்கொள்வாள். முதலில் பேசினால் தான் இறங்கிப்போனதாகிவிடுமே என்கிற பிடிவாதம் ஒரு பக்கம். பேசாவிட்டாலும்தான் இருக்கிறாளே என்கிற தைரியம் இன்னொரு பக்கம். நாளைக்குப் பேசிக்கொள்ளலாம் என்று யாரும் நினைப்பது போலத்தான் அவளும் நினைத்திருந்தாள்.

அன்று காலையில் அத்தான் கொண்டுவந்த தட்டில் கிண்ணங்கள் கோணலாக இருந்தன. ஒரு பாதி விளிம்பில் மடிப்பு ஒழுங்காக விழுந்திருந்தது. மறுபாதியில் விரலே படவில்லை. மாவு அப்படியே சரிந்து உள்பக்கம் மடங்கியிருந்தது. ஒன்றிரண்டு என்றால் போகட்டும் என்று விடலாம், எல்லாமே அப்படி. இளையவளுக்கு உடனே புரிந்துவிட்டது; புரிந்துவிட்டதாக நினைத்தாள். மடிப்பு உயரமாக இருக்கிறது, பெட்டி மூட மாட்டேன் என்கிறது என்று போன வாரம் அவள்தான் சொல்லி அனுப்பியிருந்தாள். மடிப்புதானே வேண்டாம் என்றாய், இந்தா வைத்துக்கொள் என்று மூத்தவள் பதில் அனுப்பியிருக்கிறாள். வேறு எந்த வீட்டிலாவது இப்படி ஒரு தட்டு வந்தால், செய்தவளுக்கு என்ன ஆயிற்று என்று கேட்டிருப்பார்கள். பேச்சில்லாத வீட்டில் கிண்ணத்தைத்தான் படிக்க வேண்டியிருந்தது, அதைத் தப்பாகப் படித்தாள்.

தட்டை அத்தானின் கையிலேயே திரும்ப வைத்தாள். "இத அவகிட்டயே குடுத்துடுங்க. முடியலன்னா விட்டுடச் சொல்லுங்க. நான் வேற ஆளப் பாத்துக்கறேன்."

அவர் ஏதோ சொல்ல வாயெடுத்தார். பிறகு மென்று விழுங்கிவிட்டு இறங்கிப் போனார். இளையவள் பழத்தை அடுப்பில் ஏற்றினாள். பழம் வெந்து வற்றிக்கொண்டிருந்தபோது கீழே ஏதோ விழும் சத்தமும், அதைத் தொடர்ந்து அவரின் குரலும் கேட்டன. அவர் மூத்தவளைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டு அவள் அதுவரை கேட்டதில்லை.

கூடத்தில் யாரோ வந்து உட்கார்ந்து, எப்படி ஆச்சு என்று அத்தானிடம் விசாரித்தார்கள். ஒவ்வொருவருக்கும் அவர் அதையே சொன்னார். காலையில் எழுந்தாள், டீ குடித்தாள், கிண்ணம் சுட்டாள், மேலே கொண்டுபோய்க் கொடுத்தேன், வந்தேன், மாவு பிசைந்துகொண்டிருந்தாள், புழுக்கமாக இருக்கிறது என்றாள், விழுந்துவிட்டாள். மேலே கொண்டுபோய்க் கொடுத்தேன், வந்தேன் என்ற இடத்தில் ஒவ்வொரு முறையும் இளையவள் கைகளை மடிக்குள் இன்னும் இழுத்துக்கொண்டாள். அந்த இரண்டுக்கும் நடுவில் இருந்ததை அவர் சொல்லாமல் விட்டார். நாலு பேர் முன்னால் தன்னைக் காட்டிக்கொடுக்க வேண்டாம் என்று விடுகிறார் என்று நினைத்தாள். அந்த நல்ல மனசை அவளால் தாங்கிக்கொள்ள முடியவில்லை. ஒரு முறை கண்ணைப் பார்த்துவிட முயன்றாள். அவர் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

வெளியூரில் நர்ஸாக இருக்கும் மூத்தவளின் மகள் மதியத்துக்குள் வந்து சேர்ந்தாள். அழுது ஓய்ந்த பிறகு சித்தியின் தோளில் சாய்ந்துகொண்டு, மெதுவாகத்தான் சொன்னாள். காலையில் அம்மா ஃபோன் பண்ணியிருக்கிறாள். எழுந்ததிலிருந்து இடது கை மரத்துக் கிடக்கிறது, தூக்க வரவில்லை என்றிருக்கிறாள். உடனே ஆஸ்பத்திரிக்குப் போ, ஒரு நிமிஷம்கூட இருக்காதே என்று மகள் கத்தியிருக்கிறாள்.

"கிண்ணம் மேல போகட்டும், அப்புறம் போறேன்னாங்க சித்தி. அவ காத்துட்டு இருப்பான்னாங்க."

இளையவள் அக்கா மகளின் தலையைத் தடவிக்கொண்டே இருந்தாள். ஒரு கையால் கிள்ளிய கிண்ணங்கள். வலது பக்கம் மடிப்பு, இடது பக்கம் வெறுமை. தட்டைப் பார்த்த கண் குருடாகவா போயிற்று என்று தன்னையே திட்டிக்கொண்டாள். முடியலன்னா விட்டுடச் சொல்லுங்க என்று எந்த வாயால் சொன்னேன். அதைக் கேட்ட பிறகு அவள் என்ன செய்திருப்பாள்?

என்ன செய்திருப்பாள் என்பதைப் பக்கத்து வீட்டுத் தையல்காரம்மா தெரியாத்தனமாகச் சொன்னாள். தண்ணீர் எடுக்கப்போகும் சாக்கில் இளையவள் கீழ்வீட்டுச் சமையலறைக்குள் நுழைந்திருந்தாள். அந்தச் சமையலறையைப் பார்த்தே காலமாகியிருந்தது. அச்சுகள் கழுவிக் கவிழ்த்திருந்தன. திருப்பி அனுப்பிய தட்டு எங்கும் கண்ணில் படவில்லை. மகள் சொன்னதைப் பக்கத்தில் இருந்து கேட்டிருந்த தையல்காரம்மா பின்னாலேயே வந்து, நான்தான் எல்லாத்தையும் கழுவி ஒதுக்கி வைத்தேன் என்றாள். பிசைந்த மாவு மேஜையில் இருந்ததாம், தரையெல்லாம் மாவு கொட்டிக் கிடந்ததாம். "இன்னொரு ஈடு போட ஆரம்பிச்சிருப்பாங்க போல. பாவம், ஒத்தக் கையால என்னத்தப் பிசைஞ்சாங்களோ."

ஆக, இவள் திருப்பி அனுப்பியதால் அவள் மறுபடியும் செய்ய உட்கார்ந்திருக்கிறாள். ஆஸ்பத்திரிக்குப் போக வேண்டியவளை ஓவன் முன்னால் நிறுத்தியது இவளுடைய வாய்.  இளையவள் தண்ணீர்ச் செம்பை எடுத்துக்கொண்டு வெளியே வந்து, யாரிடம் கொடுப்பது என்று தெரியாமல் கூடத்தின் நடுவில் நின்றாள்.

வண்டி வந்தது. தூக்கினார்கள். போனவர்கள் திரும்பி வந்து, கொஞ்ச நேரம் உட்கார்ந்து, சொல்ல வேண்டியதைச் சொல்லிவிட்டுக் கிளம்பினார்கள். கடைசிவரை அவள் அழவில்லை என்று தெருமுனை வரைக்கும் பேச்சு போயிருக்கும். போகட்டும். அழுதால் அதோடு சேர்ந்து மற்றதும் வெளியே வந்துவிடும் என்று அவளுக்குப் பயமாக இருந்தது. மகள் களைத்துப் படுத்ததும் அவளுக்கு ஒரு தலையணையை வைத்துவிட்டு, இளையவள் மாடிக்கு வந்தாள். ஜன்னலில் இன்னும் வெளிச்சம் இருந்தது. அடுப்பின் மேல் பழம் காலையில் விட்டபடியே கிடந்தது. அதைப் பார்த்துக்கொண்டு முக்காலியில் உட்கார்ந்தாள்.

படியில் காலடிச் சத்தம் கேட்டது. அத்தானின் நடை அவளுக்குத் தெரியும். இன்று ஒவ்வொரு படியிலும் நின்று நின்று வந்தார். உள்ளே வந்தபோது அவர் கையில் அந்தத் தட்டு இருந்தது. மேலே துணி போட்டு மூடியிருந்தார். மேஜையில் வைத்தார். துணியை விலக்கினார். காலையில் இருந்தபடியே அத்தனை கிண்ணங்களும் இருந்தன.

"நான் குடுக்கலம்மா" என்றார்.

அவளுக்கு முதலில் விளங்கவில்லை.

"படித் திருப்பத்துல பழைய பெட்டி இருக்குல்ல, அதுக்குப் பின்னால வெச்சுட்டேன். பக்கத்துத் தெருக் கடையில ஏதாவது வாங்கிட்டு வந்து சமாளிச்சுக்கலாம்னு நெனச்சேன். அவகிட்ட எப்படிப் போய்ச் சொல்றது? காலையில இருந்தே மொகம் சரியில்ல."

"அப்ப அக்காவுக்குத் தெரியாதா?"

"தெரியாது."

"மாவு பிசைஞ்சுட்டு இருந்தான்னாங்களே."

"அது நாளைக்கு. மறுநாள் மாவ மொதநாளே பிசைஞ்சு வெச்சுடுவா. எப்பவும் அப்படித்தான. ஒனக்குத் தெரியாதா?"

அவளுக்குத் தெரிந்திருக்கவில்லை. அவள் அந்தச் சமையலறைக்குப் போய் வந்துகொண்டிருந்த காலத்தில் மாவை அன்றன்றைக்குத்தான் பிசைவார்கள்.

அத்தான் உட்கார்ந்தார். கேட்காமலேயே சொன்னார். கீழே போனதும் மூத்தவள் வழக்கம்போல என்ன சொன்னாள் என்று கேட்டாளாம். கிண்ணம் நல்லா வந்திருக்குன்னு சொன்னா என்று இவர் சொன்னாராம். இவ்வளவு கோணலா இருக்கு, நல்லா இருக்குன்னாளா, கண்ணாடி மாத்தணும் போல அவளுக்கு என்று மூத்தவள் சிரித்தாளாம். சிரித்துக்கொண்டேதான் மாவில் கை வைத்தாளாம்.

இளையவள் இரண்டு கைகளாலும் முகத்தைப் பொத்திக்கொண்டாள். அன்று முழுவதும் வராத அழுகை அப்போது வந்தது. நெஞ்சில் ஏறி உட்கார்ந்திருந்தது இறங்கிவிட்டது போலிருந்தது. அக்கா அதைக் கேட்கவில்லை. கேட்காமலேயே போய்விட்டாள். இவள் நல்லா இருக்கு என்று சொன்னதாக நினைத்துக்கொண்டு, சிரித்தபடி போயிருக்கிறாள். அத்தானின் காலில் விழலாம் போல இருந்தது.

அவர் அதோடு நிறுத்தியிருக்கலாம். ஆறுதல் சொல்கிறவர்களுக்கு எங்கே நிறுத்துவது என்று தெரிவதில்லை.

"இன்னைக்கு மட்டும் இல்லம்மா. நீ சொல்லி அனுப்பினது எதையும் நான் சொன்னதில்ல. மடிப்பு உயரம்னியே, அதக்கூடச் சொல்லல. அவ சொன்னதும் ஒனக்குச் சொன்னதில்ல. என்னென்னவோ சொல்வா, ஒன்ன விட மோசமா. லிஃப்ட்ல எத்தனையோ பேர் எத்தனையோ பேசுவாங்க. மேல கேட்டத மேலயே விட்டுட்டு, கீழ கேட்டத கீழயே விட்டுட்டு வந்தே பழகிப்போச்சு. வாய்க்கு வந்தத நல்லபடியா ஏதாவது சொல்லிட்டுப் போயிடுவேன். நீ மனசுல எதையும் வெச்சுக்காத."

இளையவள் முகத்திலிருந்து கைகளை எடுத்தாள். கீழே ஓவன் சத்தம் கேட்கும்போதெல்லாம் நினைத்துக்கொண்ட அந்த ஒரு வார்த்தை நினைவுக்கு வந்தது. கேட்கக் கூடாது என்று மனசு சொன்னது. கேட்டுவிட்டாள்.

"எங்க வீட்டுக்காரர் போனப்ப வந்து சொன்னீங்களே அத்தான். நான் கீழதான இருக்கேன்னு சொன்னான்னு."

அவர் சற்றும் தயங்கவில்லை. "அது அவ சொன்னதுதான்" என்றார்.

சரின்னா என்று சொல்லும்போதும், பாக்கலாம்னா என்று சொல்லும்போதும் அவருக்கு இருக்கும் அதே முகம். அவள் அந்த முகத்தையே பார்த்தாள். அதில் ஒன்றும் தெரியவில்லை. களைப்பு மட்டும்தான் தெரிந்தது. காலையிலிருந்து இந்த மனுஷர் ஒரு வாய்கூடச் சாப்பிடவில்லை என்பது அப்போதுதான் உறைத்தது.

எழுந்தாள். கையை எதிலாவது வைக்க வேண்டியிருந்தது. ஒரு கரண்டியை எடுத்து, பாத்திரத்தில் இறுகிக் கிடந்த பழத்தைக் கிளறி விட்டு, கோணல் கிண்ணம் ஒன்றில் நிரப்பினாள். மடிப்பில்லாத பக்கம் வழியாதபடி சாய்த்துப் பிடித்து நிரப்ப வேண்டியிருந்தது. ஒரு தட்டில் வைத்து அவரிடம் நீட்டினாள். வேண்டாம் என்று சொல்லாமல் வாங்கிக்கொண்டார். நிதானமாகக் கடித்து, மென்று, முழுவதையும் சாப்பிட்டு முடித்தார்.

"நல்லா இருக்கு" என்றார்.

அவளும் ஒன்றை நிரப்பி எடுத்துக்கொண்டு எதிரில் உட்கார்ந்து கடித்தாள். புளிப்பு பல்லைக் கூசச் செய்து, கண்ணை மூட வைத்தது. பழத்தின் தண்ணீர் முழுவதும் வற்றிய பிறகுதான் அவள் சர்க்கரை சேர்ப்பது. சேர்ப்பதற்கு முன்னால் கீழே சத்தம் கேட்டுவிட்டது. பாத்திரத்தில் ஒரு துளி இனிப்பு இல்லை.

நிமிர்ந்து பார்த்தாள். அவர் தட்டில் விழுந்திருந்த துகள்களை விரலால் ஒற்றி எடுத்து வாயில் போட்டுக்கொண்டிருந்தார்.

இளையவள் மீதியையும் மெல்ல மென்று விழுங்கினாள்.

"ஆமா அத்தான்" என்றாள். "நல்லாத்தான் இருக்கு."